கால்வாய் ஓடினால் காய்ச்சல் ஓடும்

(தோட்டத்து மாதர் கூட்டம் ஒன்றில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



விடியுமுன் எழுந்து, பிரட்டுக்கு நின்று, தலைவிளக்கின் ஒளியில் மரம் வெட்டி, பாலெடுத்து, நிறுவையில் கொடுத்துவிட்டு வீடு திரும்பியிருக்கின்றீர்கள். களைப்பைப் பாராது இங்கு வந்து அமர்ந்திருக்கும் உங்களிடம் நாம் பேசவிருப்பது பெரிய பொருள் எதுவுமன்று. நம் அடுக்களையில் தொடங்கி, லயத்தின் பின்புறமாக ஓடி, கடைசி வீட்டருகே தேங்கி நிற்கும் கால்வாயைப் பற்றித்தான் பேசப்போகின்றோம். ‘லோங்காங்’ என்று நாம் வழக்கில் கூறும் அந்தக் கால்வாயேதான்.

“இதைப் பேசவும் ஒரு கூட்டமா?” என்று சிலர் எண்ணலாம். சுத்தம் சோறு போடும் என்பது நம் முன்னோர் வாக்கு. அந்தச் சுத்தம் கூடத்தில் மட்டும் இருந்தால் போதாது. வீட்டின் முன்புறம் கோலமும் பின்புறம் குப்பையுமாக இருந்தால், முன்புறம் வருகின்ற விருந்தினர் மகிழ்வர். பின்புறம் வருகின்ற எலியும் கொசுவும் அதைவிட மகிழும்.

கடைசி வீட்டின் குறை

லயத்து வீடுகளின் அமைப்பை எண்ணிப் பாருங்கள். ஒரே கூரையின் கீழ் பல குடும்பங்கள். அத்தனைக்கும் பின்னால் ஒரே கால்வாய். முதல் வீட்டில் கழுவிக் கொட்டிய சோற்றுப் பருக்கை இரண்டாம் வீட்டைக் கடக்கின்றது. அங்கே மீன் செதிள் சேர்ந்துகொள்கின்றது. மூன்றாம் வீட்டில் பொரித்த எண்ணெயும், நான்காம் வீட்டில் சீவியெடுத்த தலைமயிரும் சேருகின்றன. எல்லாமாகச் சேர்ந்து கடைசி வீட்டு வாசலில் போய் நிற்கின்றன. அந்த வீட்டுத் தாய் தன் வீட்டுக் கழிவை மட்டுமன்று, தன் லயம் முழுவதன் கழிவையும் வாரியெடுக்க வேண்டியவளாகின்றாள்.

இதனால் எழுந்த சச்சரவுகளை நாம் பல தோட்டங்களில் கண்டிருக்கின்றோம். பிள்ளைகள் ஒன்றாய் விளையாடுவர். பெரியவர்களோ ஆண்டுக்கணக்கில் பேசாதிருப்பர். காரணம் கேட்டால் சொத்தன்று, சீரன்று. அடைபட்ட ஒரு கால்வாய். ஆகவே நாம் இன்று பேசுவது உடல்நலத்தைப் பற்றி மட்டுமன்று. அக்கம்பக்கத்து உறவைப் பற்றியும் ஆகும்.

நம் மண்ணின் பழைய பாடம்

தோட்டத்து வாழ்வுக்கும் கால்வாய்க்கும் உள்ள தொடர்பு இன்று நேற்று ஏற்பட்டதன்று. 1901-ஆம் ஆண்டில் கிள்ளானிலும், இன்று கிள்ளான் துறைமுகம் என்று வழங்கும் போர்ட் சுவெட்டன்ஹாமிலும் மலேரியாக் காய்ச்சல் மக்களை வாரிக்கொண்டு போயிற்று. அப்போது அங்கு மருத்துவராக இருந்த மால்கம் வாட்சன் என்பவர், சதுப்பு நிலங்களில் வடிகால் வெட்டித் தேங்கிய நீரை வெளியேற்றச் செய்தார். மரணங்கள் பெருமளவு குறைந்தன. பின்னர் அவர் ரப்பர்த் தோட்டங்களிலும் அப்பணியைத் தொடர்ந்தார். மண்வெட்டி பிடித்து வடிகால் வெட்டியவர்களிலும், நீர்நிலைகளில் எண்ணெய் தெளித்தவர்களிலும் நம் பாட்டன்மார் பலர் இருந்தனர். நீரை ஓடவிட்டால் நோய் ஓடும் என்ற பாடம் இந்த மண்ணில், நம்மவர் உழைப்பால் எழுதப்பட்ட பாடமாகும்.

இன்று மலேரியா வெகுவாகக் குறைந்துவிட்டது. ஆயினும் டிங்கிக் காய்ச்சல் நம்மைவிட்டு அகலவில்லை. எலியின் சிறுநீர் கலந்த நீரால் பரவும் எலிக்காய்ச்சலும் இருக்கின்றது. காலில் சிறு வெட்டுக்காயத்தோடு வெறுங்காலாய்த் தேங்கிய நீரில் நின்றாலே அந்நோய் உடலில் புகுந்துவிடக்கூடும். சோறும் மீனும் கிடக்கும் கால்வாயை எலி தேடி வருகின்றது. ஆதலால் கால்வாயில் இறங்கும்போது காலணியும் கையுறையும் அணிந்துகொள்ளுங்கள்.

அடைப்பு எதனால் உண்டாகின்றது?

நோயை அறியாமல் மருந்து கொடுப்பது அறிவுடைமையாகாது. நம் வீட்டுக் குழாயையும் கால்வாயையும் அடைப்பவை பெரும்பாலும் நான்கு பொருள்களே.

முதலாவது கொழுப்பு. சூடாக இருக்கும்போது நீர்போல் ஓடும் எண்ணெய், குழாய்க்குள் ஆறியதும் மெழுகுபோல் படிகின்றது. இரண்டாவது சோறும் கஞ்சியும். இவை பசைபோல் ஒட்டிக்கொண்டு வழுவழுப்பான படலத்தை உண்டாக்கி, நாற்றத்தை வளர்க்கின்றன. மூன்றாவது மயிர், நார், தேங்காய்ச் சக்கை போன்றவை. இவை வலைபோல் பின்னிக்கொண்டு, மற்றவற்றைப் பிடித்து வைக்கின்றன. நான்காவது பொருளை வெளியூர்ப் புத்தகங்களில் காணமுடியாது. அது நம் தொழிலோடு வந்த பொருள்: ரப்பர்ப் பால்.

அடுக்களையிலேயே மருந்து

இந்த அடைப்புகளுக்கு விலையுயர்ந்த புட்டி மருந்துகளைத் தேடி ஓடவேண்டியதில்லை. நம் அடுக்களை அலமாரியில் இருக்கும் பொருள்களே, அவற்றின் குணமறிந்து பயன்படுத்தினால் போதுமானவை.

முதல் மருந்து வெந்நீர். உறைந்த கொழுப்பை இளக்குவது இதுவே. ஆனால் பிளாஸ்டிக் குழாயில் கொதிக்கக் கொதிக்க நீரை ஊற்றலாகாது. குழாய் இளகும், இணைப்பு விட்டுப்போகும். கொதிநீரோடு அதே அளவு குழாய்நீரைக் கலந்து ஊற்றினால் கொழுப்பும் இளகும், குழாயும் பிழைக்கும். சிமெண்டுக் கால்வாயில் கொதிநீரையே ஊற்றலாம். அப்போது சிறுவர்கள் அருகில் இல்லாதபடி பார்த்துக்கொள்வது நம் கடமை.

இரண்டாவது மருந்து ஆப்பச் சோடா. இது மென்மையான காரம். புளித்த வாடையைப் போக்கும். மெல்லிய எண்ணெய்ப் பிசுக்கை விடுவிக்கும். இரவு பாத்திரம் கழுவி முடித்தபின், நான்கு மேசைக்கரண்டிச் சோடாவைக் குழாய் வாயில் கொட்டிவிடுங்கள். விடியற்காலையில் முன்சொன்ன வெந்நீரை அரை வாளி அளவு ஊற்றுங்கள். வாரம் ஒருமுறை இவ்வாறு செய்துவந்தால் அடைப்பு உண்டாவதற்கே பெரும்பாலும் இடமிராது.

மூன்றாவது, மலாய் மொழியில் ‘சுக்கா’ என வழங்கும் காடி. எலுமிச்சையும் புளியும் இதன் இனத்தவையே. நீர்க்குழாயின் வாயில் வெள்ளையாய்ப் படியும் சுண்ணாம்புக் கறையையும், கழுவுமிடத்தில் படியும் கறையையும் புளிப்பு கரைக்கும். பிழிந்தெறியும் எலுமிச்சைத் தோலில் கல்லுப்பைத் தொட்டுத் தேய்த்தால், கழுவுதொட்டியின் வாய் பளிச்சென்றாகும். உப்பு இங்கே மணல்போல் தேய்க்கும் வேலையைச் செய்கின்றது.

நான்காவது, நம் பாட்டிமார் அறிந்த அடுப்புச் சாம்பல். சாம்பலில் காரம் உண்டு. அது எண்ணெயோடு சேரும்போது சிறிதளவு சோப்பின் தன்மையைப் பெறுகின்றது. விறகடுப்பு இன்னும் உள்ள வீடுகளில், எண்ணெய்ச் சட்டியைச் சாம்பலும் தேங்காய் நாரும் கொண்டு துடைத்தபின் கழுவினால், கால்வாய்க்குப் போகும் எண்ணெய் குறையும். ஆயினும் சாம்பலைக் கூடைகூடையாகக் கால்வாயில் கொட்டாதீர்கள். அது சேறாய் அடியில் தங்கிவிடும்.

கொழுப்பு மிகுதியாகப் படிந்த கால்வாய்க்கு ஆப்பச் சோடாவின் வலிமை போதாது. மளிகைக் கடையில் கிடைக்கும் சலவைச் சோடாவை இரண்டு மேசைக்கரண்டி எடுத்து, அரை வாளி வெந்நீரில் கரைத்து ஊற்றித் தென்னம் விளக்குமாற்றால் தேய்க்கவும். இது கையை அரிக்கக்கூடியது. ஆதலால் கையுறை வேண்டும். அலுமினியப் பாத்திரத்தில் இதைக் கரைக்கலாகாது.

நுரையைக் கண்டு மயங்க வேண்டா

இங்கே ஒன்றைத் தெளிவாகக் கூற விரும்புகின்றோம். ஆப்பச் சோடாவைக் கொட்டி, அதன்மேல் காடியை ஊற்றினால் எல்லா அடைப்பும் கரைந்துவிடும் என்று பலர் நம்புகின்றனர். ஊற்றியதும் சீறிக்கொண்டு நுரை பொங்குவது உண்மை. அது கரியமில வாயு. சோடாப் புட்டியில் பொங்குகின்ற அதே வாயு. அந்தக் கொந்தளிப்பு இலேசாக ஒட்டியுள்ள அழுக்கை அசைத்துவிடும், நாற்றத்தைக் குறைக்கும். அதற்குமேல் எதிர்பார்ப்பது தவறு. காரமும் புளிப்பும் சந்திக்கும்போது ஒன்றன் வலிமையை மற்றொன்று போக்கிவிடுகின்றது. நுரை அடங்கியபின் எஞ்சுவது சிறிதளவு உப்புத்தன்மையுள்ள நீரே. அது கொழுப்பையும் கரைக்காது, மயிரையும் கரைக்காது.

ஆகவே காரம் வேண்டிய இடத்தில் சோடாவையும், புளிப்பு வேண்டிய இடத்தில் காடியையும் தனித்தனியே பயன்படுத்துவதே சிக்கனம். இரண்டையும் சேர்த்துத்தான் செய்வேன் என்போர், குழாய் வாயை இறுக மூடிவிடாதீர்கள். வாயு வெளியேற வழி வேண்டும்.

முழுவதும் அடைபட்ட குழாய்க்கு எந்தப் பொடியும் தூளும் உதவா. கழுவுதொட்டியின் அடியில் வளைந்திருக்கும் பகுதியின் கீழ் ஒரு வாளியை வைத்து, அதன் மூடியைத் திருகிக் கழற்றி, உள்ளிருப்பதை வெளியே எடுத்துவிடுவதே வழி. அல்லது ரப்பர்க் கிண்ணம் பொருத்திய கோலால் அழுத்தி அழுத்தி இழுக்க வேண்டும். நம் கையால் வெட்டியெடுத்த பாலிலிருந்து வந்த ரப்பர் நம் வீட்டு அடைப்பை நீக்க உதவுமானால் நல்லதுதானே!

ரப்பர்ப் பாலும் காடியும் பகை

இனி நம் தொழிலோடு வந்த அடைப்புக்கு வருவோம். பால் தெறித்த சட்டையையும் வாளியையும் வீட்டுக் கழுவுமிடத்தில் கழுவுகின்றோம். வெண்மையான நீர் கால்வாயில் ஓடுகின்றது. பார்வைக்கு அது வெறும் நீரே. ஆனால் அதில் ரப்பர்த் துகள்கள் ஒன்றையொன்று விலக்கிக்கொண்டு மிதக்கின்றன. புளிப்பு பட்டவுடன் அந்த விலக்கம் நீங்கி, ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்கின்றன. ஆலையில் பாலை உறையச் செய்ய ஆசிட் சேர்க்கிறார்களே, அதே செயல்தான் இங்கும் நடைபெறுகின்றது.

எனவே பால் கழுவிய நீர் போகும் குழாயில் காடியையோ, எலுமிச்சைச் சாற்றையோ, புளிக்கரைசலையோ ஊற்றினால், அடைப்பை நீக்குவதற்குப் பதிலாக, நாமே ஒரு ரப்பர் அடைப்பானைச் செய்து உள்ளே வைத்தவர்களாவோம். ஊரெல்லாம் நல்லதென்று கூறும் மருந்து நம் வீட்டில் மட்டும் நஞ்சாவது இவ்வாறுதான். ஒன்றும் ஊற்றாவிட்டாலும், தேங்கிய பால் ஓரிரவில் தானே புளித்து உறைந்துவிடும் என்பதும் நீங்கள் அறிந்ததே.

இதற்கு வழி எளிது. சட்டையில் ஒட்டிய பாலைக் காயவிட்டு உரித்தெடுங்கள். பால் தெறித்த துணியை முதலில் தனி வாளி நீரில் அலசுங்கள். அந்த நீரைக் கால்வாயில் விடாது, வீட்டுக்கும் கிணற்றுக்கும் தள்ளிய மண்ணில் ஊற்றுங்கள். உரித்தெடுத்த துண்டுகளை ஒட்டுப்பாலோடு சேர்த்துவிடலாம், அதுவும் காசுதான்.

ஒரு புட்டி கற்பித்த பாடம்

இவ்வளவு நேரம் செலவையும் சிக்கனத்தையும் பற்றிக் கூறினோம். இப்போது கூறப்போவது உயிரைப் பற்றியது.

எமக்கு அண்ணன் முறையான ஒருவர் தோட்டத்தில் வேலை செய்துவந்தார். நல்ல உழைப்பாளி, குடும்பத்தின்மேல் மிகுந்த பற்றுடையவர். வீட்டுக் கால்வாய் அடிக்கடி அடைபட்டுக்கொண்டே இருந்தது. அண்ணியார் நாள்தோறும் குனிந்து வாரிக்கொண்டிருப்பதைக் காணப் பொறாமல், பாலை உறையச் செய்யும் ஆசிட்டில் சிறிதளவு எடுத்துவந்தார். அதை ஊற்றிவைக்க வேறு கலன் இல்லாமையால், ஆரஞ்சுப் பானப் புட்டி ஒன்றில் ஊற்றி, அடுக்களைக் கதவோரத்தில் வைத்தார். “நாளைக் காலையில் ஊற்றிவிடலாம்” என்பது அவர் எண்ணம்.

மறுநாட் காலை இருவரும் வேலைக்காட்டில் இருந்தனர். வீட்டில் ஆயாவும் நான்கு வயதுப் பேரனும். பிள்ளை விளையாடிவிட்டுத் தாகத்தோடு வந்தான். ஆயா திரும்பிப் பார்ப்பதற்குள் புட்டி அவன் வாயில் இருந்தது. ஒரு மிடறுதான். ஆயா புட்டியைத் தட்டிவிட்டார். பிள்ளையின் அலறல் லயம் முழுவதும் கேட்டது.

பக்கத்து வீட்டுக்காரர், அந்தக் கால்வாயை முன்னிட்டுப் பல மாதங்களாகப் பேசாதிருந்தவர், தம் மோட்டார் சைக்கிளில் ஆயாவையும் பிள்ளையையும் ஏற்றி மருத்துவமனைக்குக் கொண்டு சேர்த்தார். பிள்ளை பிழைத்தான். ஆனால் வாயும் தொண்டையும் வெந்து, பல வாரங்கள் சோறு உண்ணமுடியாமல் துன்புற்றான். அண்ணன் அன்றிலிருந்து நெடுங்காலம், ஆரஞ்சுப் பானத்தைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வார்.

தோழர்களே, அவர் கெட்டவரல்லர். நம்மைப் போன்றவர். மனைவியின் சிரமத்தைக் குறைக்க எண்ணியவர். ஆதலால்தான் இதனை உங்கள்முன் கூறுகின்றோம். பாலுக்குரிய ஆசிட்டும் அமோனியாவும் ஆலையில் இருக்கவேண்டியவை, வீட்டுக்கு வரக்கூடாதவை. கடையில் விற்கும் காஸ்டிக் சோடாவும் அவ்வாறே கொடியது. எந்த மருந்தையும் உண்பொருட் புட்டியில் ஊற்றாதீர்கள். களைக்கொல்லி இருந்த கலன்களைக் கழுவி வீட்டு உபயோகத்திற்கு எடுக்காதீர்கள்.

தப்பித்தவறி ஒருவர் இத்தகைய பொருளை விழுங்கிவிட்டால், வாந்தி எடுக்கச் செய்யாதீர்கள். போகும்போது ஒருமுறை சுட்டது, திரும்பி வரும்போது மறுமுறையும் சுடும். வாயை நீரால் கொப்பளிக்கச் செய்து, புட்டியையும் கையோடு எடுத்துக்கொண்டு, உடனே மருத்துவமனைக்குச் செல்லுங்கள். கண்ணிலோ தோலிலோ பட்டால் ஓடும் நீரில் நெடுநேரம் கழுவியபின் மருத்துவரிடம் செல்லுங்கள்.

இன்னுமோர் எச்சரிக்கை. துணி வெளுக்கும் குளோரின் திரவத்தோடு காடியையோ வேறு எந்த ஆசிட்டையோ சேர்க்கலாகாது. சேர்த்தால் மூச்சை அடைக்கும் நச்சுவாயு கிளம்பும். சிறிய குளியலறையில் அது உயிருக்கே இறுதியாகலாம்.

ஏழு நாளுக்கு ஒருமுறை

வாரம் ஒருமுறை என்று நாம் வலியுறுத்துவதற்குக் காரணம் உண்டு. கொசுவின் முட்டை புழுவாகி, கூட்டுப்புழுவாகி, சிறகு முளைத்துப் பறப்பதற்கு ஏறத்தாழ 7 முதல் 10 நாள் ஆகின்றது. வாரந்தோறும் தேக்கத்தை நீக்கிவிட்டால், பறப்பதற்கு முன்பே அதன் கதை முடிந்துவிடுகின்றது.

அழுக்குக் கால்வாயில் பெருகும் கொசு ஒரு வகை. டிங்கியைப் பரப்பும் ஏடிஸ் கொசு மற்றொரு வகை. ஏடிஸ் பெரும்பாலும் தெளிந்த நீரையே நாடும். பூச்சட்டித் தட்டு, பழைய டயர், மழைநீர் நின்ற தகரம், வெட்டாது விட்ட மரங்களில் தொங்கும் பால்மங்கு ஆகிய இவையெல்லாம் அதற்கு மாளிகைகள். ஆதலால் கால்வாயைக் கழுவிவிட்டோம் என்று நிறைவடைந்துவிடாமல், வெட்டு நிறுத்திய மரங்களின் மங்குகளைக் கவிழ்த்து வையுங்கள். கொசுப் புழுக்களை வளரவிடுவது, நோய் பரப்பும் பூச்சிகளை அழிப்பதற்கான 1975-ஆம் ஆண்டுச் சட்டப்படி குற்றமுமாகும் என்பதை நினைவிற் கொள்ளுங்கள்.

நம் கடமையும் நம் உரிமையும்

அடைப்பை நீக்குவதைவிட அடைப்பு வராமல் காப்பதே மேல். சோற்றுப் பருக்கையை வடிதட்டில் பிடித்துக் கோழிக்குப் போடுங்கள். கஞ்சியை ஆறவைத்துச் செடிக்கு ஊற்றுங்கள். பொரித்த எண்ணெயை ஒரு டின்னில் சேர்த்து வையுங்கள். ஞாயிற்றுக்கிழமை காலையில் லயம் முழுவதும் ஒன்றுகூடி, முதல் வீட்டிலிருந்து கடைசி வீடு வரை ஒரே நேரத்தில் கழுவுங்கள். ஒரு வீடு மட்டும் கழுவினால் அழுக்கு இடம் மாறுமேயன்றி ஒழியாது. மேல்வீட்டுக்காரர் தம் பங்கை முடித்தபின், விளக்குமாற்றோடு கடைசி வீடு வரை நடந்து வருவாராயின், அந்த நடை ஆண்டுக்கணக்கான மனத்தாங்கலையும் சேர்த்துக் கழுவிவிடும்.

அதே வேளையில், சிமெண்டு உடைந்து, சரிவு கெட்டு, நீர் தானாக ஓடமுடியாத கால்வாயை ஆப்பச் சோடா சீர்செய்யாது. தொழிலாளர் குடியிருப்பின் குறைந்தபட்ச வசதிகளைப் பற்றிய 1990-ஆம் ஆண்டின் 446-ஆம் சட்டம், தோட்டத்து வீடுகளைப் பழுதின்றி வைத்திருக்கும் பொறுப்பை முதலாளியிடம் ஒப்படைத்துள்ளது. உடைப்பு உள்ள இடங்களைக் குறித்து, லயத்தார் அனைவரும் கையொப்பமிட்டு, நிருவாகத்திடம் பணிவோடும் உறுதியோடும் எழுதிக் கொடுங்கள். அதற்குப் பயன் இல்லையெனில் தொழிற்சங்கத்தின் வழியாகவோ, தொழிலாளர் இலாகாவின் வழியாகவோ கேளுங்கள். நம் கடமையைச் செய்தவர்களாய் நின்று கேட்கும்போது, நம் சொல்லுக்கு வலிமை மிகும்.

இன்று பல தோட்டங்களில் ரப்பர் போய்ச் செம்பனை வந்துவிட்டது. பல லயங்கள் மறைந்து, வீடமைப்புத் திட்டங்கள் எழுந்துள்ளன. எங்கே குடியேறினாலும் அடுக்களையும் கால்வாயும் நம்மோடு வரும். ஆதலால் இன்று கற்ற பழக்கம் நாளைக்கும் துணையாகும்.

முன்னே கூறிய அந்தச் சிறுவன் வளர்ந்து பெரியவனாகிவிட்டான். அவன் வீட்டிலும் ஞாயிற்றுக்கிழமை தோறும் கால்வாய் கழுவப்படுகின்றது. அலமாரியில் ஆப்பச் சோடா இருக்கின்றது, உப்பு இருக்கின்றது, எலுமிச்சை இருக்கின்றது. பெயர் ஒட்டாத புட்டி ஒன்றுகூட இல்லை. நம் எல்லார் வீடுகளும் அவ்வாறு இருக்கவேண்டும் என்பதே எம் வேண்டுகோள்.